அழுகிற தூணும் பிளாஸ்டிக் வாத்தும்

நகரமன்ற மாளிகையின் காவலாளிகள் அவளுக்கு வைத்த பெயர் விளக்கம்மா. எதைக் கேட்டாலும் விளக்கம் சொல்வாள். கேட்காவிட்டாலும் சொல்வாள். சுவரில் சாய்ந்து நிற்கும் காவலாளியிடம், "அண்ணே, நீங்க சாஞ்சிருக்கிற கல்லு எவ்வளவு தூரத்துலருந்து படகுல வந்துச்சு தெரியுமா?" என்று ஆரம்பித்தால், அவர் கையிலிருக்கும் தேநீர் பச்சைத் தண்ணீராகும்வரை விடமாட்டாள். கேலிக்காக வைத்த பெயர்தான். அவள் அதைப் பட்டம் மாதிரி வாங்கி வைத்துக்கொண்டாள்.

மாளிகையைப் பார்க்க வருகிறவர்களுக்குச் சுற்றிக்காட்டி விளக்குவது அவள் வேலை. அந்த வேலை தட்டில் வைத்து நீட்டப்பட்டதல்ல. அதற்கு முன்னால் பல வருஷம் வாசலில் டிக்கெட் கொடுத்துக்கொண்டிருந்தாள். அந்தக் கூண்டுக்கு ஒரே ஜன்னல். அது தெருவைப் பார்த்தது. எங்கெங்கிருந்தோ வந்து ஜனங்கள் அண்ணாந்து பார்க்கும் குவிமாடம் அவள் முதுகுக்குப் பின்னால் இருந்தது. சாப்பாட்டு நேரத்தில் அவசரமாக நாலு வாய் விழுங்கிவிட்டு, ஏதாவது ஒரு கூட்டத்தின் வாலைப் பிடித்துக்கொண்டு உள்ளே போய்விடுவாள். நூலகத்தில் கட்டடக்கலைப் புத்தகங்களை எடுத்துப் படித்தாள். வழிகாட்டித் தேர்வு எழுதப் போகிறேன் என்றபோது மூத்த வழிகாட்டிகள் சிரித்தார்கள். "பொம்பளக் குரல் அந்தக் குவிமாடத்துக்குப் பத்தாதும்மா" என்றார் ஒருவர்.

அந்த ஆசாமிகள் அத்தனை பேரும் குவிமாடத்தின் கீழே நின்று தொண்டை கிழியக் கத்திக்கொண்டிருந்தவர்கள். கத்தினால் ஒவ்வொரு சொல்லும் மேலே போய், திரும்பி வந்து, அடுத்த சொல்லின் மேல் விழுந்து இரண்டும் சாகும். விளக்கம்மா தரையை ஆராய்ந்தாள். நட்டநடுவே கறுப்புக் கல்லில் ஒரு நட்சத்திரம் பதித்திருந்தார்கள். அதன்மேல் நின்று, பக்கத்து வீட்டுக்காரியிடம் பேசுகிற குரலில் பேசினால் போதும், கடைசி வரிசைக்கும் கேட்கும். தேர்வில் முதலாவதாக வந்தாள். குரல் பத்தாது என்றவர் அதற்குப் பிறகு நட்சத்திரத்தின்மேல்தான் நிற்கிறார். யார் சொல்லிக்கொடுத்தது என்று மட்டும் சொல்வதில்லை.

வழிகாட்டிகள் கூட்டத்துக்கு முகம் காட்டியபடி பின்னோக்கி நடப்பார்கள். அந்தப் பழக்கம் வீட்டுக்கும் வந்துவிட்டது. அடுப்படியிலிருந்து பேசிக்கொண்டே பின்னால் நடந்து, முக்காலியில் இடித்துக்கொள்வாள். தையல்காரியாக இருந்து கண் மங்கியதால் ஊசியை விட்ட அவள் மாமியார், "நாலு பேரு முன்னால நடந்து முன்னுக்கு வர்றாங்க. நம்ம வீட்டுல ஒருத்தி பின்னால நடந்தே முன்னுக்கு வரப் பாக்குறா" என்பாள். மாமியாரின் நாக்கும் கத்தரியும் ஒரே கடையில் சாணை பிடித்தவை.

இத்தனை வருஷத்தில் மாமியார் ஒருநாளும் மருமகள் வேலை பார்ப்பதைப் பார்க்க வந்ததில்லை. "ஊரான்களை மேய்க்கிற வேலை" என்பது அவள் கருத்து.

மாளிகையில் ஒரு தூண் இருக்கிறது. குவிமாடத்தைத் தாங்கி வட்டமாக நிற்கும் வெள்ளைத் தூண்களில் ஒன்றில், இடுப்புயரத்தில், செங்குருதி வழிந்த மாதிரி ஒரு கோடு. மழைக்காலத்தில் ஈரமாகி இன்னும் சிவக்கும். அழுகிற தூண் என்று பெயர். கதை இதுதான்: கட்டும்போது அந்தத் தூண் மட்டும் நிற்காமல் சரிந்துகொண்டே இருந்ததாம். கல் சுமந்த ஒரு பெண் மனமுவந்து அடிக்குழியில் இறங்கித் தன்னையே கொடுத்தாளாம். பிறகு தூண் நின்றதாம். அவள் இன்னும் அழுகிறாளாம். அந்த ஈரத்தைத் தொட்டு வேண்டிக்கொண்டால் நோய் தீருமாம்.

இந்தக் கதையைச் சொல்வதில் இன்னொரு வழிகாட்டி கைதேர்ந்தவர். கண்ணீர்க்காரர் என்று பெயர். எந்த இடத்தில் குரலைத் தாழ்த்த வேண்டும், எந்த இடத்தில் கண்ணாடியைக் கழற்றித் துடைக்க வேண்டும் என்று அவருக்குத் தெரியும். அவர் கூட்டம் கைக்குட்டையோடு வெளியே வரும். விளக்கம்மாவின் கூட்டம் யோசித்துக்கொண்டே வெளியே வரும். யோசனைக்கு எந்தக் காலத்தில் கூட்டம் சேர்ந்தது?

புதிதாக வந்த மேலாளர் அவளைக் கூப்பிட்டார். கெட்ட மனிதர் இல்லை. யார் மனமும் நோகக் கூடாது என்று நினைத்து எல்லார் மனத்தையும் நோகடிக்கும் வகை.

"தூண்கிட்ட வரும்போது நீங்க துரு, ஈரம்னு பேசுறீங்களாமே. ஜனங்க அந்தக் கதைக்குத்தாம்மா வர்றாங்க."

"அந்தக் கதை பொய் சார்."

"பொய்யாவே இருக்கட்டும். அழகா இருக்குல்ல?"

"ஒரு பொம்பள செத்தது அழகா சார்?"

மேலாளர் நெற்றியைத் தேய்த்துக்கொண்டார். "நாளைக்கு உங்க கூட்டத்தோட நானும் வர்றேன். தூண்கிட்ட வந்தவங்க முகத்தைப் பாக்குறேன். அவங்க ஏமாந்து போனாங்கன்னா, குவிமாடத்தை அவர்கிட்ட கொடுத்துடுவேன். நீங்க பழையபடி டிக்கெட் கூண்டுக்குப் போக வேண்டியிருக்கும். தப்பா எடுத்துக்காதீங்க."

அன்று சாயங்காலம் அவள் வீட்டில் வாய் திறக்கவில்லை. பின்னாலும் நடக்கவில்லை. "என்ன, முன்னால பாத்து நடக்குறே, உடம்பு சரியில்லையா?" என்று மாமியார் கேட்டாள். மாமியாருக்கே அப்போது கவலை இருந்தது. அடுத்த வாரம் முழங்காலில் அறுவை சிகிச்சை. தேய்ந்த மூட்டை எடுத்துவிட்டு உலோகம் வைக்கப் போகிறார்கள். யாரிடமும் சொல்லாமல் பயந்துகொண்டிருந்தாள்.

மறுநாள் காலையில் கிளம்பும்போது விளக்கம்மாவின் பார்வை குளிர்சாதனப் பெட்டியின் கதவில் விழுந்தது. அதில் ஒரு மஞ்சள் பிளாஸ்டிக் வாத்து ஒட்டியிருந்தது. மாமியார் ஆசையாக வாங்கியது. அடிக்கடி கீழே விழுந்ததால், ரேடியோ டிவி பழுது பார்க்கும் கணவன், பழைய ஸ்பீக்கரில் கழற்றிய காந்தத்தை அதன் முதுகில் ஒட்டிவிட்டிருந்தான். அதற்குப் பிறகு வாத்தை இழுத்தால் கதவே திறந்துகொள்ளும். அவள் இரண்டு கையாலும் வாத்தைப் பிடுங்கிப் பைக்குள் போட்டாள். தையல் பெட்டியிலிருந்து ஒரு நூல்கண்டையும் எடுத்துக்கொண்டாள்.

இரவெல்லாம் பெய்த மழையில் தூண் நன்றாகச் சிவந்திருந்தது. விஷயம் பரவி, கூட்டமும் பெருத்திருந்தது. மேலாளர் தூரத்தில் கைகட்டி நின்றார். கண்ணீர்க்காரரும் சும்மா வந்தவர் மாதிரி ஒரு ஓரமாக நின்றார். விளக்கம்மா டிக்கெட்டுகளைச் சரிபார்த்துக்கொண்டே வந்தாள். கடைசியாக நீட்டிய கையில் தையல் விரல்களின் ஊசித் தழும்புகள் இருந்தன. நிமிர்ந்து பார்த்தாள். மாமியார், கைத்தடியும் புதுச் செருப்புமாக.

"அத்தை, நீங்க எங்க இங்க?"

"டிக்கெட் வாங்கியிருக்கேன். சொந்தக்காரின்னு ஓசியில வரல. நீ பாட்டுக்கு உன் வேலையப் பாரு."

மாமியார் எதற்காக வந்திருக்கிறாள் என்று அவளுக்குச் சட்டென்று புரிந்தது. தூணைத் தொட்டு வேண்டிக்கொள்ள வந்திருக்கிறாள். கூண்டுக்குப் போவதுகூடப் பரவாயில்லை. பயந்து கிடக்கிற மனுஷியின் கையிலிருக்கும் ஊன்றுகோலைப் பிடுங்குவதா? ஒரு கணம் கண்ணீர்க்காரரின் கதையையே சொல்லிவிடலாமா என்றுகூடத் தோன்றியது.

ஆனால் வாய் தன் வேலையை ஆரம்பித்துவிட்டது. பெரிய மாடிப்படியைக் காட்டினாள். "ஏறிப் பாருங்க. படி உயரமே இல்லை. அந்தக் காலத்து உறுப்பினர்களுக்கெல்லாம் வயசு, தொப்பை, மூட்டுவலி. கட்டினவர் அவங்க காலுக்குத்தான் அளவெடுத்திருக்கார்." மாமியார் கைத்தடியைத் தூக்கிக் கக்கத்தில் வைத்துக்கொண்டு ஏறினாள். பாதியில் நின்று, "அளவு சரியாத்தான் எடுத்திருக்கான்" என்றாள்.

குவிமாடத்துக்குக் கீழே வந்ததும் எல்லோரும் அண்ணாந்தார்கள். உள்பக்கம் முழுவதும் ஓவியம். நீதி, வாணிபம், கல்வி என்று பட்டுடுத்திய பெண்கள் மேகத்தில் மிதந்தார்கள். விளக்கம்மா நட்சத்திரத்தின்மேல் நின்று தணிந்த குரலில் பேசினாள்.

"அந்தச் சாம்பல் மேகத்தோட விளிம்பைப் பாருங்க. ஒரு கை தெரியுதா? முகம் கிடையாது, உடம்பு கிடையாது. கயித்தைப் பிடிச்சிருக்கிற ஒரு கை மட்டும். இத்தனை பட்டுக்கு நடுவுல உழைச்ச கை அது ஒண்ணுதான். ஏன் வரைஞ்சார்னு எனக்குத் தெரியாது. தெரியாததைத் தெரியாதுன்னுதான் சொல்லுவேன்."

பிறகு தூணுக்கு வந்தார்கள். கூட்டத்திலிருந்து மாமியார்தான் முதலில் முன்னால் நகர்ந்தாள். கையை நீட்டினாள்.

"அத்தை, ஒரு நிமிஷம். தொடுறதுக்கு முன்னால இதைப் பாருங்க."

விளக்கம்மா பையிலிருந்து வாத்தை எடுத்தாள். கூட்டத்தில் சிரிப்பு. மாமியார் கண்ணைச் சுருக்கினாள்.

"அது நம்ம வீட்டு வாத்துல்ல? காலையிலேருந்து அதைக் காணோம்னு எதிர்வீட்டுப் பயலை நிக்க வெச்சுக் கேள்வி கேட்டுட்டு வந்திருக்கேன்."

"மன்னிப்புக் கேட்டுக்கலாம் அத்தை."

நூலில் கட்டிய வாத்தைப் பக்கத்துத் தூணுக்கு அருகில் முதலில் தொங்கவிட்டாள். வாத்து அசையவில்லை. சுற்றிலும் கொண்டுபோனாள். சும்மா தொங்கியது. பிறகு அழுகிற தூணுக்குக் கொண்டுவந்தாள். சிவப்புக் கோடு தொடங்கும் இடத்துக்கு நேரே வந்ததும் வாத்து சாய்ந்தது. இன்னும் கொஞ்சம் நெருங்கியதும் எட்டிப் பாய்ந்து தூணில் ஒட்டிக்கொண்டது. நூலை விட்டாள். வாத்து விழவில்லை. ரத்தத்தின் ஊற்றிலேயே முதுகைச் சாய்த்துக்கொண்டு நின்றது.

யாரும் சிரிக்கவில்லை.

"காந்தம் கல்லுல ஒட்டாது. ரத்தத்துலயும் ஒட்டாது. இரும்புலதான் ஒட்டும்" என்றாள் விளக்கம்மா. "தூண் ஒரே கல் இல்லை. அடுக்கடுக்கா வெச்சு, உள்ளே இரும்புக் கொக்கி போட்டுப் பிணைச்சிருக்காங்க. இரும்பை ஆழமாப் பதிச்சு, சுத்திலும் ஈயத்தை உருக்கி ஊத்தணும். அப்பத்தான் ஈரம் படாது, துரு ஏறாது. மத்த தூண்ல அப்படித்தான் செஞ்சிருக்காங்க. இதுல கொக்கி விளிம்புக்கே வந்திருக்கு, ஈயமும் இல்லை. மேல கூரைத் தண்ணி போற குழாய் அடைச்சுக் கிடக்கு. மழை பெஞ்சா கசியுது, துரு வழியுது."

"நாங்க கதை கேக்கத்தான் வந்தோம்" என்றார் கூட்டத்தில் ஒருவர், நல்ல கேமரா மாட்டிய மனிதர். "அந்தப் பொண்ணைப் பத்திச் சொல்லுவாங்கன்னாங்க."

இன்னும் சிலர் முணுமுணுத்தார்கள். மேலாளர் தலையை மெல்ல ஆட்டிக்கொண்டார். விளக்கம்மா அதைப் பார்த்தாள். கூண்டின் ஜன்னலும் தெருவும் ஒரு நொடி கண்ணில் வந்து போயின.

மாமியார் இன்னும் கையை மடக்காமல் நின்றாள். "அப்ப அந்தப் பொண்ணு?" என்றாள். கேள்வியில் குத்தல் இல்லை. நிஜமாகவே கேட்டாள்.

"அப்படி ஒரு பொண்ணு இருந்ததா எங்கயும் இல்லை அத்தை. ஆனா செத்தவங்க உண்டு. இந்தக் குவிமாடத்துக்குச் சாரம் கட்டி வேலை செஞ்சப்போ கயிறு அறுந்து விழுந்திருக்காங்க. அந்தக் காலத்துப் பத்திரிகையில நாலு வரி வந்திருக்கு. உளுத்துப் போன கயிறு, மாத்திக் கொடுங்கன்னு கேட்டிருக்காங்க, கொடுக்கலை. செத்தவங்க பேரைக்கூடப் போடலை, 'கூலிகள் சிலர்'னு முடிச்சுட்டாங்க. ஈயத்துல மிச்சம் பிடிச்ச அதே ஒப்பந்தக்காரர்தான் கயித்துலயும் மிச்சம் பிடிச்சார். அவர் பேரு வாசல்ல பித்தளைத் தகட்டுல இருக்கு, தினமும் பாலிஷ் போடுறோம். இது பலி இல்லை, பழைய கயிறு. மனமுவந்து செத்தாங்கன்னு கதை கட்டிட்டா யாரையும் கேள்வி கேக்க வேண்டாம் பாருங்க. கும்பிட்டுட்டுப் போயிடலாம்."

மேலாளரின் கைக்கட்டு அவிழ்ந்திருந்தது. கேமராக்காரர் தலையைத் தூக்கி மேகத்தின் விளிம்பிலிருந்த கையைத் தேடிக்கொண்டிருந்தார். அவரைப் பார்த்து மற்றவர்களும் அண்ணாந்தார்கள். முதல் தடவை பார்த்தபோது அது ஓவியம். இப்போது எல்லோரும் பார்த்தது கயிற்றை.

மாமியார் தூணைத் தொட்டாள். வேண்டிக்கொள்ளவில்லை. ஈரத்தை விரலில் எடுத்துத் தேய்த்துப் பார்த்தாள். துணியின் தரம் பார்க்கிற தேய்ப்பு. மோந்தாள். "துருதான்" என்றாள். "என் பழைய மெஷின்ல இதே வாசம் வரும்." பிறகு கூட்டத்தை விலக்கிக்கொண்டு நட்டநடுவே வந்து நின்று, "ஒட்டுப்போட்டவன் நூலை மிச்சம் பிடிச்சா தையல் பிரியத்தான் செய்யும். அதுக்கு ஒரு பொம்பளையக் குழியில இறக்கிட்டானுங்க பாரு" என்றாள். கடைசி வரிசைக்கும் கேட்டது. அவளறியாமலே கறுப்பு நட்சத்திரத்தின்மேல் நின்றிருந்தாள்.

கேமராக்காரர் கொஞ்சம் தயங்கி, "அந்த வாத்தை நானும் ஒரு தடவை வெச்சுப் பாக்கலாமா?" என்று கேட்டார். அவருக்குப் பின்னால் வரிசை நின்றது. ஒவ்வொருவர் கையிலும் வாத்து ஒவ்வொரு தடவையும் பாய்ந்து ஒட்டிக்கொண்டது. அடுத்த கூட்டம் வந்து வாசலில் காத்திருந்தது. இவர்கள் நகர்வதாக இல்லை. கண்ணீர்க்காரர் எப்போது கிளம்பினார் என்று யாரும் கவனிக்கவில்லை.

எல்லோரும் போன பிறகு மேலாளர் வந்தார். தூணைப் பார்த்தார், குழாயைப் பார்த்தார். "குழாயைச் சரி பண்ணிட்டா அழுகை நின்னுடுமே" என்றார் வருத்தமாக.

"நிக்கட்டும் சார். இத்தனை வருஷம் அழுதது போதாதா?"

"குவிமாடம் உங்ககிட்டயே இருக்கட்டும்" என்றார். நாலடி போய்விட்டுத் திரும்பி, "அந்த வாத்தை நாளைக்கும் எடுத்துட்டு வாங்க" என்றார்.

அடுத்த வாரம் மருத்துவமனையில் அறுவை சிகிச்சைக்கு முன்னால் மருத்துவர் வந்து எல்லாம் விளக்கினார். பயப்பட ஒன்றுமில்லை என்றார். மாமியார் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "உள்ள வைக்கிற உலோகம் துருப்பிடிக்காதுல்ல?" என்றாள்.

"பிடிக்காதும்மா. அதுக்குன்னே செஞ்சது."

"காந்தம் வெச்சுப் பாத்துக்கலாமா?"

மருத்துவர் சிரித்துவிட்டார். "யாரும்மா உங்களுக்கு இதெல்லாம் சொல்லிக்கொடுத்தது?"

கட்டிலின் கால்மாட்டில் நின்றிருந்த விளக்கம்மா பேச வாயெடுத்தாள். மாமியார் கையமர்த்தினாள். பக்கத்துக் கட்டில்காரிக்கும் கேட்கட்டும் என்று சத்தமாகவே சொன்னாள்:

"என் மருமக. நகரமன்றத்துக் குவிமாடம் இருக்குல்ல, அது அவகிட்டதான் இருக்கு."