றோஸ் உரிமை கேட்ட மெசின்

றோஸின் தையல் மெசின் களவு போனது 1966ஆம் ஆண்டில், ஒரு ஞாயிற்றுக்கிழமை. வீட்டார் பூசைக்குப் போயிருந்த நேரம். கலியாணத்துக்கு அவளுடைய தகப்பன் வாங்கிக் கொடுத்த மெசின் அது. கணவன் மைக்கலுக்குத் திருகோணமலைத் துறைமுகத்தில் மூட்டை இறக்கும் வேலை. கப்பல் வந்தால் வேலை, வராவிட்டால் வீடு. அதனால் அந்த வீட்டில் அடுப்பு எரிந்தது பெரும்பாலும் றோஸின் தையலால்தான்.

மூன்று மாதம் கழித்துக் கப்பல்துறை என்ற ஊரில் பொலிஸார் ஒரு லொறியை மறித்து, உள்ளே இருந்த களவுச் சாமான்களைக் கைப்பற்றினார்கள். அதில் ஒரு தையல் மெசினும் இருந்தது. அடையாளம் பார்க்க றோஸை வரச்சொன்னார்கள்.

பொலிஸ் நிலையத்தின் பின்விறாந்தையில் அது நின்றது. கறுப்பு மெசின், இரும்புக் கால். றோஸ் பலகைக்குக் கீழிருந்த லாச்சியை இழுத்தாள். அவளுடைய மெசினில் இடப்பக்க லாச்சி எப்போதும் இறுகும், இது வழுக்கிக்கொண்டு வந்தது. பலகையின் ஓரத்தில் இஸ்திரிப்பெட்டி சுட்ட கரிய தழும்பு ஒன்றும் இருந்தது. அவளுடைய பலகையில் அப்படி ஒன்றும் இல்லை. தன்னுடையது இல்லையென்று அவளுக்கு அப்பவே தெரிந்துவிட்டது.

“களவெடுத்தவன் சுட்டிருப்பான்,” என்றான் கூட வந்திருந்த மைக்கல். “எங்கட எண்டு சொல்லு.”

றோஸ் சொன்னாள்.

ஆனால் கிண்ணியாவிலிருந்து ஸல்ஹா என்ற பெண்ணும் அதே மெசினைத் தன்னுடையது என்று கேட்டிருந்தாள். அவளுடைய மெசினும் களவு போயிருந்தது. இரண்டு பேரிடமும் மெசின் வாங்கிய பற்றுச்சீட்டு இல்லை. இரண்டு முறைப்பாட்டிலும் “கறுப்பு மெசின்” என்பதற்கு மேல் ஒன்றும் எழுதப்பட்டிருக்கவில்லை. விஷயம் கோட்டுக்குப் போனது.

நீதவான் மெசினைச் சாக்கால் மூடிக் கொண்டுவரச் செய்தார். முதலில் ஸல்ஹாவிடம் அடையாளம் கேட்டார். அவள் முக்காட்டை இறுக்கிப் பிடித்தாள். “என்ட சாமானை எனக்குத் தெரியாதா ஐயா?” என்பதற்கு மேல் அவளுக்குச் சொல் வரவில்லை.

அடுத்து றோஸ் வேதாகமத்தில் கைவைத்துச் சத்தியம் செய்தாள்.

“பலகையில ஒரு சூட்டு அடையாளம் இருக்கு ஐயா. இஸ்திரிப்பெட்டி சுட்டது.”

சாக்கை விலக்கிப் பார்த்தார்கள். தழும்பு இருந்தது. மெசின் றோஸுக்கென்று தீர்ப்பாயிற்று.

வெளியே மைக்கல் வண்டிக்காரனைக் கூப்பிடப் போயிருந்தபோது ஸல்ஹா கிட்ட வந்தாள். ஏசவில்லை, அழவும் இல்லை.

“தங்கச்சி, அந்தச் சூடு எப்பிடி வந்ததெண்டு தெரியுமா? என்ட மனிசன்ட தோணி கவிண்டிட்டெண்டு வந்து சொல்லக்குள்ள, கையில இருந்த இஸ்திரிப்பெட்டிய அப்பிடியே வெச்சிட்டு ஓடினனான். மையத்து அடக்கின பிறகுதான் பலகை கருகிக் கிடந்ததக் கண்டனான். அத அவ்வளவு ஆம்பிளையளுக்கு முன்னால சொல்ல எனக்கு வாய் வரல்ல.”

வண்டி வந்ததும் றோஸ் ஏறிவிட்டாள்.

மூன்று கிழமை அந்த மெசினில் தைத்தாள். முதல்நன்மை என்கிற முதல் நற்கருணை எடுக்கும் பிள்ளைகளின் வெள்ளைச் சட்டைகள் ஆறு வந்திருந்தன. துணியைத் தள்ளும்போதெல்லாம் அது தழும்பின் மேலேயே போய் விழுந்தது. பலகையில் ஒரு துவாயை விரித்துப் பார்த்தாள். விரித்தபோதுதான், தனக்கே தான் ஒளிப்பது விளங்கி முகம் எரிந்தது. பூசைக்குப் போனாள், ஆனால் நன்மை எடுக்க எழும்பவில்லை. பக்கத்தில் இருந்தவர்கள் பார்த்தார்கள்.

“திருப்பிக் குடுப்பம்,” என்று மைக்கலிடம் சொன்னாள்.

“உனக்கு விசரே? பொய்ச்சத்தியம் எண்டு மறியல்ல போடுவாங்கள்!”

அவள் தனியாகக் கோட்டுக்குப் போய், மொழிபெயர்ப்பாளர் இரத்தினசிங்கத்திடம் எல்லாவற்றையும் சொன்னாள். அவர் கண்ணாடியைக் கழற்றி மேசையில் வைத்தார்.

“பிள்ளை, மெசினைக் கொண்டுபோய் அந்த மனிசியிட்டைக் குடுத்துவிடுங்கோ. ஒருத்தருக்கும் தெரியத் தேவையில்லை.”

“இந்தக் கோட்டில வைச்சுத்தானே ஐயா அவவைப் பொய்க்காரியாக்கினனான். வீட்டை கொண்டுபோய்க் குடுத்தால் அது மாறாது.”

அடுத்த திங்கட்கிழமை ஸல்ஹாவையும் கோட்டுக்கு அழைத்திருந்தார்கள். சனம் நிறைந்திருந்தது. றோஸ் தாழ்ந்த குரலில் பேசத் தொடங்கினாள். நீதவான் உரத்துச் சொல்லும்படி சொன்னார். அவள் உரத்துச் சொன்னாள்: பொலிஸ் நிலையத்தில் பார்த்த தழும்பைத்தான் அடையாளமென்று சொன்னதை, அந்த மெசின் தன்னுடையது இல்லையென்று அன்றைக்கே தெரிந்திருந்ததை. மைக்கல் சொல்லிக் கொடுத்ததை மட்டும் சொல்லவில்லை. சத்தியம் செய்தது தன் வாய்தானே என்று நினைத்தாள்.

தானாக வந்து சொன்னபடியால் அன்று கோடு கலையும்வரை மட்டும் மறியல் என்று நீதவான் தீர்த்தார். மூலையில் இருந்த மர வாங்கில், ஒரு பொலிஸ்காரனுக்குப் பக்கத்தில் அவள் பின்னேரம்வரை இருந்தாள். அவளிடம் சட்டை தைக்கக் கொடுத்த பெண்ணொருத்தி வேறு வழக்குக்காக வந்திருந்தாள். அவள் திரும்பித் திரும்பிப் பார்த்தாள். சேலைத் தலைப்பால் முகத்தை மூடலாமா என்று றோஸ் யோசித்தாள், மூடவில்லை.

மெசினைப் பொறுப்பெடுக்கும்போது ஸல்ஹா சில்லை ஒருதரம் சுற்றிப் பார்த்தாள்.

“எண்ணெய் விட்டிருக்கிறீங்க,” என்றாள்.

அடுத்த நாளே, தைக்கக் கொடுத்தவர்கள் நாலு சட்டைத் துணியைத் திருப்பி வாங்கிக்கொண்டு போய்விட்டார்கள். மிச்சம் இரண்டையும் றோஸ் கையாலேயே தைத்து முடித்தாள். மைக்கல் ஒரு மாதம் அவளோடு முகம் கொடுத்துக் கதைக்கவில்லை. அவளுடைய மெசின் கடைசிவரை அகப்படவில்லை. பிறகு கடைத்தெருவில் ஒரு தையல்கடையில் பொத்தான் துளை கட்டும் வேலைக்குச் சேர்ந்தாள். அங்கேயும் வந்தவர்கள் சிலர் அவளைக் கண்டதும் குரலைத் தாழ்த்தினார்கள்.

கிண்ணியாவுக்குத் துறையைக் கடக்கும் தோணியில் இரண்டு தடவை ஸல்ஹாவைக் கண்டாள். முதல் தடவை ஆட்களுக்குப் பின்னால் ஒளித்துக்கொண்டாள். இரண்டாம் தடவை ஒளிக்கவில்லை. “ராத்தா, சுகமா?” என்று கேட்டாள். ஸல்ஹா பதில் சொல்லவில்லை. ஆனால் முகத்தைத் திருப்பிக்கொள்ளவும் இல்லை.