இராஜமாணிக்கம் இட மறுத்த கையெழுத்து

செய்யாத பிழையைச் செய்தேன் என்று ஒப்பாதிருக்கும் திண்மைக்கு மானம் என்று பெயர். பொருள் உடையோர்க்கு அது எளிது; குடியிருக்கும் வீட்டை ஈடு வைத்தவர்க்கு மிக அரிது. அவ்வரிய மானத்தை உடையவர் மர்பி டவுன் பகுதியைச் சேர்ந்த இராஜமாணிக்கம். கட்டடப் பூச்சு வேலைகளை ஒப்பந்தம் எடுத்துச் செய்பவர்.

அல்சூருக்கு அப்பால் எழுந்த ஓர் அடுக்ககத்தின் வெளிப்பூச்சு அவருக்குக் கிடைத்தது. வேலையை நடுவில் விட்டுச் செல்லமாட்டார் என்பதற்கு வங்கி உத்தரவாதம் வேண்டும் என்றது கட்டுமான நிறுவனம். உத்தரவாதம் தர ஈடு வேண்டும் என்றது வங்கி. மனைவி வள்ளியம்மாவுக்கு அவர் தந்தை விட்டுச்சென்ற வீடு ஈடாயிற்று. அந்த உத்தரவாதத்தின் இயல்பை அறிந்தால் எவர்க்கும் நெஞ்சு கொதிக்கும். ‘ஒப்பந்தக்காரர் தவறினார்’ என்று நிறுவனம் எழுதினால் போதும்; மெய்யா பொய்யா என்று வினவாமல் வங்கி பணத்தை அளித்துவிடும். பிறகு ஈடு வைத்தவர் வாசலில் வந்து நிற்கும்.

பூச்சு பாதி முடிந்திருந்தபோது, தரைத்தள வீட்டை வாங்கிய மமதா புதுமனை புக நாள் குறித்தார். நிறுவனத்தின் மேலாளர் ரவிக்குமார், மமதாவையும் உடன் அழைத்துக்கொண்டு இராஜமாணிக்கத்திடம் வந்தார்.

“மாணிக்கண்ணா, கிருகப்பிரவேசத்துக்குப் பசு வரணும். மூங்கிலும் கோணியும் இப்படித் தொங்குனா அது மிரளும். சாரத்தைப் பிரிச்சிடுங்க. பின்னாடியே இன்னும் நாலு வீட்டுக்கு முகூர்த்தம் இருக்கு. ஆளுங்களை வேற சைட்டுக்கு அனுப்பிடுங்க. நான் கூப்பிடறப்ப வந்தா போதும்.”

இராஜமாணிக்கம் அன்றே சாரத்தை இறக்கினார். பசுவும் கன்றும் மிரளாமல் வாசல் ஏறின.

அழைப்பு வரவேயில்லை. செய்து முடித்த பாதி வேலைக்குத் தரவேண்டிய பாக்கியும் வரவில்லை. கேட்கும்போதெல்லாம் நாளை என்றார்கள். கடைசியில் ரவிக்குமார் ஒரு தாளை நீட்டினார். தாமே விரும்பி வேலையை விட்டுச் சென்றதாகவும், பாக்கி ஏதும் இல்லை என்றும் அதில் இருந்தது.

“கையெழுத்துப் போடு மேஸ்திரி. பேங்குக்குப் போகமாட்டோம். உன் வீடு உனக்கு.”

“நீங்கதானே சார் பிரிக்கச் சொன்னீங்க?”

“ரோஷம் ஜாஸ்தி உனக்கு. ரோஷத்தை ஈடா வச்சுக்குவானா பேங்க்காரன்?”

‘அண்ணா’ என்று அழைத்த அதே வாய். மறுத்துவிடவே இராஜமாணிக்கத்துக்குத் தோன்றியது. ஆயினும் வீடு தம்முடையதன்று. ஆதலின் தாளை வள்ளியம்மாவிடம் கொண்டுவந்தார்.

“என்ன எழுதியிருக்கு?”

“நானா விட்டுட்டுப் போனேன்னு.”

“நீயாவா போன?”

“இல்ல.”

“அப்புறம் பேனாவை எதுக்குத் தேடற?”

“உங்கப்பா வீடு வள்ளி.”

“எங்கப்பா இருந்தா அவரே கிழிச்சுப் போட்டிருப்பாரு. குடு இப்படி.”

தாள் கிழிந்தது. அந்த வாரமே நிறுவனம் வங்கிக்கு எழுதியது. வங்கி பணத்தை அளிக்க ஆயத்தமாயிற்று. அதைத் தடுக்க வேண்டி இராஜமாணிக்கம் நீதிமன்றம் சென்றார். உத்தரவாதத்தில் தலையிட இயலாது, வழக்கை ஒப்பந்தப்படி அமர்த்தும் நடுவரிடம் சொல்லிக்கொள்க என்றது நீதிமன்றம். வங்கியும் பணத்தை அளித்துவிட்டது. தீயிட்டவனை விட்டுவிட்டு, வீடு எரிந்தவனை வரிசையில் நிற்கச் சொல்லும் முறை இது.

நடுவராக அமர்ந்தவர் ஓய்வுபெற்ற நீதிபதி ஒருவர். விசாரணையில் நிறுவனத்தின் வழக்கறிஞர், சாரத்தைப் பிரிக்கச் சொன்னதற்கு எழுத்தில் ஏதேனும் உண்டா என்று கேட்டார்.

“நல்ல காரியத்துக்குப் பசு வருதுன்னாங்க. அதுக்கு லெட்டர் குடுன்னா கேக்கறது சார்?”

வழக்கறிஞர் சிரித்தார், ரவிக்குமாரும் சிரித்தார். எழுத்துக் கேளாமல் ஒரு குடும்பத்தின் மங்கலத்துக்கு வழிவிட்டது, அந்த அறையில் நகைப்புக்கு உரியதாயிற்று.

சாட்சியாக மமதா வந்தார். அவர் வீட்டுப் பத்திரப் பதிவு இன்னும் நிறுவனத்தின் கையில் சிக்கியிருந்தது. வராமல் இருந்திருந்தால் எவரும் குறை கூறியிரார்.

“பசு வரணும்னு கேட்டது நானு. சாரம் பிரிக்கச் சொன்னது ரவிக்குமார். கூப்பிடறப்ப வான்னு சொன்னதும் அவர்தான். நான் பக்கத்துலயே நின்னிருந்தேன். இல்லன்னு சொல்லுங்க ரவி, பார்க்கலாம்.”

ரவிக்குமார் குனிந்து கைப்பேசியைப் பார்த்தார்.

தீர்ப்பு இராஜமாணிக்கத்தின் பக்கம் வந்தது. உத்தரவாதப் பணத்தையும் பாக்கியையும் வட்டியோடு தரவேண்டும் என்றார் நடுவர். நிறுவனம் அதை எதிர்த்து மேல்வழக்குத் தொடுத்திருக்கிறது. வழக்கு முடியும்வரை காசு வராது. வங்கியோ வழக்கு முடியும்வரை காத்திராது. வள்ளியம்மா தம் வீட்டை விற்று வங்கியின் கடனைத் தீர்த்தார். நெறியோடு நடந்தவர் வாடகை வீடு தேடினார்; நெறி பிறழ்ந்தவர் அடுத்த கட்டடத்துக்குப் பூமி பூசை போட்டார். இதனைச் சட்டம் என்று சொல்ல நாக்கூசுகிறது.

இன்று அவ்விருவரும் ஈஜிபுராவில் ஒரு மாடிவீட்டில் குடியிருக்கின்றனர். அந்த மனையில் நோய் அணுகாதொழிக. உலையில் அரிசி குறையாதிருக்க. வென்ற பொருள் விரைந்து வந்து சேர்க. தாளைக் கிழித்த கையும் அதனைத் தந்த கையும் நெடுங்காலம் இணைந்திருக்க, அக்குடி இறைவன் திருவருளால் தழைத்து வாழ்க.