இருபத்தைந்து தலையும் ஒரு ஸ்பூனும்

அன்றைக்கு வந்திருந்தவர்கள்: பிள்ளைகளின் தலை எண்ண கல்வி ஆபீஸிலிருந்து வந்த அதிகாரி, அவருடைய குடையைப் பிடித்துக்கொண்டு ஒரு பியூன், பெரிய டீச்சர், சின்ன டீச்சர், சத்துணவு சமையல்காரம்மா, அவருக்கு உதவியாளாக இருந்த என் அக்கா, ஒரு வேலையும் இல்லாமல் நான். வராதவர்கள்: மாணவர்கள்.

அப்படி ஒரேயடியாகச் சொன்னால் பாவம். பதினொரு பேர் வந்திருந்தார்கள். மயிலாப்பூர் குளத்திலிருந்து நடக்கிற தூரத்தில், ஒரு சந்துக்குள் இருந்த அந்த சர்க்கார் பள்ளிக்கூடத்தில் அஞ்சாம் வகுப்பு வரை உண்டு. நான் படித்த காலத்தில் நாலு பேர் பெஞ்சில் ஏழு பேர் உட்காருவோம். ஒருவன் தும்மினால் மற்ற ஆறு பேரும் நகர வேண்டும். இப்போது ஆளுக்கு ஒரு பெஞ்சு, ராஜா மாதிரி. வாத்தியார் கேள்வி கேட்டால் ஒளிந்துகொள்ள முன்னால் ஒரு முதுகு கிடையாது.

தொண்ணூறுகளின் நடுவில் ஒரு ஜூன் மாதம் உத்தரவு வந்தது. இருபத்தைந்து பிள்ளைகளாவது இல்லையென்றால் அந்தப் பள்ளிக்கூடத்தைப் பக்கத்துப் பேட்டைப் பள்ளிக்கூடத்தோடு சேர்த்துவிடுவார்கள். டீச்சர்களுக்கு மாற்றல் கிடைக்கும். சமையல்காரம்மாவும் அங்கே போய்விடலாம். உதவியாள் மட்டும் வேண்டியதில்லை, அங்கே ஏற்கெனவே ஒருத்தர் இருக்கிறார். ஆக மொத்தம் நாட்டின் கல்விக் கொள்கையால் வேலை போகப்போவது என் அக்கா ஒருத்திக்குத்தான்.

அக்காவுக்கு ஒரே பையன், ஐந்து வயது. "ஒண்ணு போதும், நல்லா வளக்கலாம்" என்று அவளும் ஆட்டோ ஓட்டும் மாமாவும் முடிவு செய்து நிறுத்திக்கொண்டார்கள். நல்லா வளர்ப்பது என்றால் இங்கிலீஷ் மீடியம். சத்துணவில் அரிசி கழுவி, தட்டு தேய்த்து அக்கா வாங்கிய சம்பளம் அவள் கையில் தங்காமல் நாலு தெரு தள்ளியிருந்த இங்கிலீஷ் பள்ளிக்கூடத்தின் கவுண்டருக்குப் போனது. அதாவது, ஒரு பள்ளிக்கூடத்தில் பிள்ளை இல்லாததால் போகப்போகிற வேலை, இன்னொரு பள்ளிக்கூடத்தில் ஒரு பிள்ளைக்கு ஃபீஸ் கட்டிக்கொண்டிருந்தது. இதை நான் எடுத்துச் சொன்னபோது அக்கா, "நீ பி.ஏ. படிச்சது இத்த சொல்றதுக்கா?" என்று கேட்டாள்.

நான் அப்போதுதான் பொருளாதாரம் முடித்திருந்தேன். அம்மா பெற்ற எங்கள் ஐந்து பேரில் பள்ளிக்கூட வாசலை மிதித்தவன் நான் ஒருவன்தான். அதுவும் சோறு போடுகிறார்கள் என்றுதான் அனுப்பினார்கள். கல்லூரியில் எனக்கு அதிக மார்க் வாங்கிக் கொடுத்தது 'மக்கள்தொகைப் பெருக்கம்' என்ற பத்து மார்க் கேள்வி. தண்ணீர் இல்லை, வேலை இல்லை, பஸ்ஸில் இடமில்லை, எல்லாவற்றுக்கும் காரணம் ஜனங்கள் பெற்றுத் தள்ளுவதே என்று மூன்று பக்கம் எழுதியிருந்தேன். அதை எழுதிய கை இப்போது வீடு வீடாகப் போய்ப் பிள்ளை தேட வேண்டியிருந்தது.

முதலில் பெரிய டீச்சரே எங்கள் வீட்டுக்கு வந்தார். ஒற்றை அறை. அம்மா பக்கெட்டில் துணி ஊறவைத்துக்கொண்டிருந்தாள்.

"உங்க சொந்தத்துல யாராவது அஞ்சு வயசுக் குழந்தை இருக்கா பாருங்கோ" என்றார் டீச்சர். "ஒரு நாலஞ்சு பேர் கெடச்சாலும் போதும்."

அம்மா நிமிர்ந்து பார்த்தாள். "இன்னா டீச்சரம்மா, நல்லா கீதே நாயம். இவன் பொறந்தப்ப இதே வாசல்ல நின்னுகினு இன்னா சொன்ன? அஞ்சு போதும்மா, ஆப்பரேசன் பண்ணிக்கோ, நாட்டுக்கு நல்லதுன்னு சொன்ன. ரிக்ஷா வெச்சு இஸ்துகினு போன. இப்ப வந்து புள்ள குடுன்னா எங்கேந்து குடுப்பேன்?"

அந்தக் காலத்தில் டீச்சர்களுக்கும் கு.க. ஆப்பரேஷனுக்குக் கேஸ் பிடித்துக்கொண்டு வரச்சொல்லி உத்தரவு இருந்தது. அம்மா அவருடைய கேஸ். அதற்கு அம்மாவுக்குக் கொஞ்சம் பணமும் ஒரு பிளாஸ்டிக் பக்கெட்டும் கிடைத்தன. டீச்சர் இப்போது பேசிக்கொண்டிருந்தது அந்தப் பக்கெட்டுக்கு எதிரில்தான்.

"அப்போ மேலேர்ந்து அப்படிச் சொன்னா, செஞ்சேன். இப்போ இப்படிச் சொல்றா" என்றார்.

"உன் பேரன் எங்க படிக்கிறான்?"

டீச்சர் கொஞ்சம் யோசித்துவிட்டு, "ஸ்கூல் பஸ் ஆத்து வாசலுக்கே வர்றது" என்றார். அம்மா கையைத் துடைத்துக்கொண்டு காபி கொடுத்தாள்.

பிறகு அந்த வேலையை நான் எடுத்துக்கொண்டேன். நாற்பது பக்க நோட்டில் ரூல் போட்டு, வீடு, பிள்ளைகள், வயது, படிக்கும் இடம் என்று கட்டம் கட்டி, மூன்று ஞாயிற்றுக்கிழமை சுற்றினேன். எங்கோ பிள்ளைகள் ஒளிந்திருக்கிறார்கள், சரியாகத் தேடினால் போதும் என்று மனதார நம்பினேன். முன்னூறு பேர் வாழ்ந்த வரிசை வீடுகளை இடித்து அடுக்குமாடி கட்டியிருந்தார்கள். அங்கிருந்தவர்கள் ஆதம்பாக்கத்துக்கும் அதற்கு அப்பாலும் போய்விட்டார்கள். புதிய வீடுகளில் கதவைத் திறந்தவர்கள் தலைமுடி நரைத்தவர்கள். பிள்ளைகள் எங்கே என்றால் சுவரில் மாட்டிய போட்டோவைக் காட்டினார்கள். அபிராமபுரம் பக்கம் ஒரு புது ஜோடி என்னைக் குடும்பக் கட்டுப்பாட்டுக்காரன் என்று நினைத்து, "நாங்க ஏற்கெனவே ஒண்ணோட நிறுத்திட்டோம் சார்" என்று பெருமையாகச் சொன்னது. நான் துக்கம் விசாரிக்கிற குரலில் "அப்படியா" என்றேன்.

பெரிய டீச்சர் மிகவும் நம்பியிருந்தது எங்கள் தெரு முனையில் இருந்த முஸ்லிம் தையல்காரரை. ஏன் நம்பினார் என்று நான் கேட்கவில்லை, அவரும் சொல்லவில்லை. தையல்காரர் மெஷினை நிறுத்தாமலே, "ரெண்டுதான் தம்பி. ரெண்டும் இங்கிலீஷ்ல படிக்குது. மூணாவதுக்கு ஃபீஸ் உங்க டீச்சர் கட்டுவாங்களான்னு கேட்டுட்டு வாங்க" என்றார்.

என் நோட்டின் கடைசிப் பக்கக் கூட்டல் இதுதான்: அறுபத்திரண்டு வீடுகள், பள்ளி வயதில் இருபத்தெட்டு பிள்ளைகள், அதில் எங்கள் பள்ளிக்கூடத்துக்கு வரக்கூடியவர்கள் புதிதாக ஒருவரும் இல்லை. கூட்டலுக்குக் கீழே இரண்டு கோடு போட்டேன். பார்க்க அழகாக இருந்தது.

"கணக்கு நல்லா கீது" என்றாள் அக்கா. "இப்ப பதினாலு புள்ளைய எங்க கடன் வாங்கலாம், அத்த சொல்லு."

கடன் என்றுதான் சொன்னாள். அதுதான் நடந்தது. தலை எண்ணும் நாள் ஒரு சனிக்கிழமை. இங்கிலீஷ் பள்ளிக்கூடங்களுக்கு அன்று விடுமுறை. தையல்காரர் தன் இரண்டு பிள்ளைகளையும் கொடுத்தார். வாட்ச்மேன் ஒருவர் கொடுத்தார். அடுக்குமாடியில் பாத்திரம் தேய்க்கும் அம்மாக்கள் தங்கள் தங்கள் ஒற்றைப் பிள்ளையைக் கொடுத்தார்கள். ஆளுக்கு ஒரு பால் ஐஸ் என்று பேச்சு. பதினாலாவது தலை, அக்காவின் பையன். அக்கா வாசலில் நின்று ஒவ்வொருவனையும் சோதித்தாள். டை அவிழ்க்கப்பட்டது. ஷூ கழற்றப்பட்டது. கழுத்தில் தொங்கிய தண்ணீர் பாட்டில்கள் அரிசி மூட்டைக்குப் பின்னால் போயின. எல்லோருக்கும் தலையில் கொஞ்சம் கூடுதலாக எண்ணெய் வைத்தாள்.

அதிகாரி வந்தார். எண்ணினார். இருபத்தைந்து. இன்னொரு தடவை எண்ணினார், அப்போதும் இருபத்தைந்து. பெரிய டீச்சர் புடவைத் தலைப்பால் கழுத்தைத் துடைத்துக்கொண்டார். அதிகாரி கையெழுத்துப் போடப் பேனாவைத் திறந்த நேரத்தில் சாப்பாட்டு மணி அடித்தது. "பசங்க சாப்பிடட்டும், பார்த்துட்டுப் போறேன்" என்று உட்கார்ந்துவிட்டார். நல்ல மனிதர். அவர்களால்தான் எப்போதும் ஆபத்து.

எங்கள் பதினொரு பேரும் தட்டை மடியில் இழுத்து, குழம்பை நடுவில் குழி தோண்டி ஊற்றிப் பிசைய ஆரம்பித்தார்கள். மீதிப் பதினாலு பேரும் கையைக் கட்டிக்கொண்டு தட்டையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் பள்ளிக்கூடத்தில் கையால் சாப்பிட்டால் டயரியில் எழுதி அனுப்புவார்கள். டையைக் கழற்றிய எங்களுக்கு இது தோன்றவில்லை.

அக்காவின் பையன்தான் முதலில் கேட்டான். "மம்மி, ஸ்பூன் எங்க?"

அக்கா கரண்டியோடு அப்படியே நின்றாள். அவன் கேட்டதும் மற்றவர்களுக்கும் தைரியம் வந்துவிட்டது. தையல்காரரின் மகள் எழுந்து நின்று கையை உயர்த்தி முறைப்படி இங்கிலீஷிலேயே ஸ்பூன் கேட்டாள்.

அதிகாரி அக்கா பையனைக் கூப்பிட்டார். "எந்த வகுப்புடா?"

"யூ.கே.ஜி. பி செக்ஷன், சார்."

அந்தப் பள்ளிக்கூடத்தில் யூ.கே.ஜி. இல்லை. பி செக்ஷன் இருந்து பத்து வருஷம் ஆயிற்று.

அதிகாரி கோபப்படவில்லை. பேனாவை மூடிவிட்டு, "நெஜமா எத்தனை பேர்?" என்றார். யாரும் வாயைத் திறக்கவில்லை. நான் திறந்தேன். உண்மையைச் சொல்லிவிட்டால் புரிந்துகொள்வார் என்று நினைத்தேன். டீச்சர்கள் மேல் தப்பில்லை, பிள்ளைகளே பிறக்கவில்லை, பிறந்ததும் இங்கிலீஷுக்குப் போய்விடுகிறது, பாருங்கள் சார் என்று நோட்டை நீட்டினேன்.

பக்கம் பக்கமாகப் படித்தார். கடைசிப் பக்கத்தில் இரண்டு கோட்டையும் விரலால் தடவினார். "எவ்வளவு சுத்தமா எழுதியிருக்கீங்க. இது ஃபைல்ல இருந்தா நான் தனியா ரிப்போர்ட் எழுத வேண்டாம்" என்று நோட்டைப் பியூனிடம் கொடுத்தார். கடன் வாங்கிய பிள்ளைகளைப் பற்றி எதுவும் எழுத மாட்டேன் என்று பெரிய டீச்சருக்கு வாக்குக் கொடுத்துவிட்டுப் போனார். சொன்னபடியே எழுதவில்லை. எழுதத் தேவையிருக்கவில்லை.

மூன்று வாரத்தில் இணைப்பு உத்தரவு வந்தது. காரணம் என்ற இடத்தில் என் கடைசிப் பக்கத்தை அப்படியே டைப் அடித்திருந்தார்கள். அறுபத்திரண்டு வீடுகள், இருபத்தெட்டு பிள்ளைகள். அச்சில் வந்த என் முதல் எழுத்து அதுதான்.

அக்கா என்னைத் திட்டவில்லை. அம்மாவைப் பார்த்து, "அஞ்சு பேர்ல ஒருத்தனதான் படிக்க வெச்ச. அதுக்கே ஒரு பள்ளிக்கூடம் போச்சு" என்றாள்.

பையனின் ஃபீஸ் நின்றது. இரண்டு மாதம் பாக்கி ஆனதும் அக்கா நேரே அந்த இங்கிலீஷ் பள்ளிக்கூடத்துக்கே போய் வேலை கேட்டாள். அங்கே ஒரு வகுப்பில் அறுபது பேர். பெஞ்சில் ஏழு பேர், எங்கள் காலத்தைப் போலவே. மூக்கு துடைக்க ஆள் போதவில்லை. உடனே ஆயாவாக எடுத்துக்கொண்டார்கள். சம்பளத்தில் பையனின் ஃபீஸைப் பிடித்துக்கொண்டு மிச்சம் தருவதாகச் சொன்னார்கள். ஒரு நிபந்தனை: பள்ளிக்கூடத்துக்குள் பையன் அவளை அம்மா என்று கூப்பிடக் கூடாது.

"மம்மின்னு கூப்டா?" என்று கேட்டிருக்கிறாள் அக்கா.

அதுவும் கூடாதாம். மற்றப் பிள்ளைகளைப் போல ஆயா என்றுதான் கூப்பிட வேண்டும். பையன் ஒரே நாளில் பழகிக்கொண்டான். வீட்டிலும் சில நேரம் மறந்துபோய் அப்படியே கூப்பிட்டான். அக்கா திருத்தவில்லை, "இன்னா ஸார்?" என்று கேட்பாள்.

இன்னொரு நிபந்தனையும் இருந்தது. ஆயாக்களுக்கு நீலச் சேலை, சொந்தச் செலவில். தி.நகரில் அவர்கள் சொன்ன கடையில்தான் வாங்க வேண்டும். நானும் கூடப் போனேன். இரண்டு சேலை, இரண்டு ரவிக்கைத் துணி, தெரு முனைத் தையல்காரருக்குத் தையல் கூலி. அவர் கொஞ்சம் குறைத்துத்தான் வாங்கினார். போக வர பஸ் டிக்கெட்டையும் சேர்த்து, ஃபீஸ் பிடித்ததும் முதல் மாதம் அவள் கைக்கு வந்த மிச்சத்தைவிட அதிகமாக, நானூற்றுப் பன்னிரண்டு ரூபாய்.