வெள்ளிக்கிழமை றோல்ஸ்

அக்னெஸ் அக்கா பின்பக்கமாகத்தான் நடப்பார். கோட்-டெ-நெய்ஜ் வீதியின் நடைபாதையில், பாதி உருகிய பனி சேறாகக் கிடக்கும் மார்ச் மாதத்திலும், முகத்தை எங்களுக்கும் முதுகைப் போக்குவரத்துக்கும் காட்டிக்கொண்டு பேசியபடியே போவார். எதிரே வருகிறவர்கள் ஒதுங்கிக்கொள்கிறார்கள். விளக்குக் கம்பங்களும் ஒதுங்குகின்றன போலும், இதுவரை ஒன்றிலும் மோதியதில்லை. ஏன் இப்படி என்று கேட்டேன். "முன்னுக்குப் பாத்து நடந்தா நீங்கள் என்ன செய்யிறீங்கள் எண்டு எனக்கு எப்பிடித் தெரியும்? நான் கூட்டிக்கொண்டு போறது உங்களைத்தானே தம்பி, றோட்டை இல்லையே" என்றார்.

ஊர் பார்க்க வருகிறவர்களைக் கால்நடையாக அழைத்துப்போய், பெயர்ப்பலகை மங்கிய சின்னக் கடைகளில் சாப்பிட வைப்பது அவருடைய தொழில். சொந்த ஊர் மன்னார்ப் பக்கம், பேசாலை. பிரெஞ்சு பேசும் இந்தக் குளிர் ஊருக்கு வந்து பல வருடங்கள் ஆஸ்பத்திரியில் நோயாளிகளைத் தூக்கிப் படுக்க வைக்கும் வேலை. தூக்கித் தூக்கி இடுப்புப் போனதும் அதை விட்டுவிட்டு இதற்கு வந்தார். படுத்தவர்களைத் தள்ளிக்கொண்டு போவதைவிட நடக்கிறவர்களை இழுத்துக்கொண்டு போவது சுகம் என்பது அவர் கட்சி.

ஆனால் ஆஸ்பத்திரிக் குரல் போகவில்லை. யாராவது முதல் கடையிலேயே ஒரு வெட்டு வெட்ட ஆரம்பித்தால் தட்டைக் கையிலிருந்து வாங்கிவிடுவார். "ஆறுதலா, ஆறுதலா. வயித்தில கொஞ்சம் இடம் விடுங்கோ, இன்னும் கடையள் கிடக்கு." இதைப் பிரெஞ்சிலும் ஆங்கிலத்திலும் அதே அதட்டலோடு சொல்வார். காசு கொடுத்து வந்தவர்கள் பள்ளிப் பிள்ளைகள்போலத் தட்டை நீட்டிவிடுவார்கள். நான் தமிழ்நாட்டுக்காரன், போதாததற்குச் சைவம். அதனால் என்மேல் அவருக்குத் தனி இரக்கம். "உங்களுக்கெண்டு வடை இருக்கு தம்பி, முகத்தை அப்பிடி வைச்சிருக்காதேங்கோ."

நடை தொடங்குமுன் மெட்ரோ வாசலில் ஒவ்வொருவரையும் நிறுத்தி ஒரே கேள்வியைக் கேட்பார். உங்கள் உடம்பு எந்தச் சாப்பாட்டோடு சண்டை பிடிக்கும்? ஒன்றுமில்லை என்றால் நம்பமாட்டார். திருப்பிக் கேட்பார், பால் சரியா, கடலை சரியா, இறால் சரியா என்று துருவுவார். ஆஸ்பத்திரியில் என்னவெல்லாம் கண்டாரோ, இந்த ஒரு விஷயத்தில் மட்டும் அவரிடம் விளையாட்டுக் கிடையாது.

வழக்கமாகச் சனிக்கிழமைதான் நடை. நான் போனது ஒரு வெள்ளிக்கிழமை. ஜப்பானிலிருந்து வந்த மொரிதா தம்பதிக்குச் சனிக்கிழமை விமானம் என்பதால் அவர்களுக்காக ஒரு நாள் முன்னே இழுத்திருந்தார். மொரிதா ஓய்வுபெற்ற மனிதர், கூச்சமாகச் சிரிப்பவர். அவருடைய உடம்பு சண்டை பிடிப்பது மீனோடு. மீன் எந்த உருவத்தில் உள்ளே போனாலும் தொண்டை அடைத்துக்கொள்ளுமாம். ஜப்பானில் பிறந்து மீன் ஆகாது என்றால் என்ன கொடுமை பாருங்கள். சொந்த ஊரில் ஒரு சூப்பை நம்பிக் குடிக்க முடியாதவர், வேற்றூரில் தைரியமாகச் சாப்பிடலாமென்று வந்திருந்தார். அவர் மனைவி தோள்பையைத் தட்டிக் காட்டினார். ஊசி மருந்து உள்ளே இருக்கிறது என்று அர்த்தம்.

அதைப் பார்த்த நிமிடத்திலிருந்து அக்னெஸ் அக்காவின் கண் மொரிதாவை விட்டு அகலவில்லை. பிலிப்பைன்ஸ் பேக்கரியில் பன்னைப் பிய்த்து முகர்ந்து பார்த்தார். வியட்நாம் கடையில் சமையற்கட்டுக்குள்ளேயே புகுந்து, போத்தல்களைத் திருப்பித் திருப்பிப் படித்து, சூப்பில் மீன் சாறு விட்டிருக்கிறார்கள் என்று கண்டுபிடித்து மொரிதாவின் கிண்ணத்தை எடுத்துக்கொண்டார். கடைக்காரப் பெண் முறைத்தாள். இவர் பதிலுக்கு முறைத்தார். நான் ரசித்துக்கொண்டிருந்தேன்.

அக்னெஸ் அக்கா மட்டும் எதையும் வாயில் வைக்கவில்லை. கிறிஸ்தவர்கள் நோன்பிருக்கும் தபசுகாலத்து வெள்ளிக்கிழமை, அவருக்கு ஒருசந்தி. பொழுதுபட ஒரு வேளைச் சாப்பாடு, அதுவரை வெறும் தேத்தண்ணி. நாள் முழுக்க ஊரார் வாயில் உணவை ஊட்டிவிட்டுத் தான் பட்டினியாக நடப்பது கஷ்டமாக இல்லையா என்றேன். "பசியோட இருந்தாத்தான் தம்பி மற்றவை சாப்பிடுறதை வடிவாப் பாக்கலாம்."

கடைசிக் கடை செபமாலை அண்ணருடையது. அரிசி மூட்டை, மிளகாய்த்தூள், தொலைபேசி அட்டை, மாதா படம், கண்ணாடிப் பெட்டிக்குள் எண்ணெயில் பொரித்துச் சூடாக றோல்ஸும் பற்றீஸும் வைத்திருக்கும் கடை. வாசலில் வைத்தே அக்னெஸ் அக்காவின் தோள் தளர்ந்ததைப் பார்த்தேன். மொரிதாவிடம் திரும்பி, இது எங்கள் ஆட்கள் கடை, இனிப் பயமில்லை, ஆட்டிறைச்சி றோல்ஸ், நன்றாகச் சாப்பிடுங்கள் என்றார். அன்றைக்கு முதல் தடவையாகச் சமையற்கட்டுப் பக்கம் அவர் போகவில்லை.

எல்லோர் கையிலும் சுடச்சுட ஒவ்வொரு றோல். எனக்கு வடை. மொரிதா ஒரு கடி கடித்துக் கண்ணை மூடித் தலையை ஆட்டினார். இன்னொரு கடி கடித்தார். அக்னெஸ் அக்கா கிழங்கும் இறைச்சியும் எப்படிப் பிரட்டுவது, ரொட்டித் தூளில் எப்படி உருட்டுவது என்று கையால் காட்டி விளக்கிக்கொண்டிருந்தார். அப்போது கதவைத் தள்ளிக்கொண்டு, குளிரையும் கூட்டிக்கொண்டு ஒரு பெண் வந்தாள். அக்காவின் பங்குக் கோயில் ஆள், றோசா என்று பெயர்.

"செபமாலை அண்ணை, சிலுவைப்பாதைச் செபத்துக்கு மீன் றோல்ஸ் கட்டியாச்சோ?"

அக்னெஸ் அக்காவின் கை அந்தரத்தில் நின்றது. மெதுவாகத் திரும்பிக் கண்ணாடிப் பெட்டியைப் பார்த்தார்.

"அண்ணை, இண்டைக்கு றோல்சுக்குள்ள என்ன?"

"இதென்ன கேள்வி? வெள்ளிக்கிழமையெல்லோ. மீன்தான்."

"துப்புங்கோ!"

தமிழில்தான் கத்தினார். மூன்று மொழிகளை மாற்றி மாற்றிப் பேசும் மனுஷிக்கு அந்தக் கணத்தில் மற்ற இரண்டும் ஓடிவிட்டன. பாய்ந்துபோய் மொரிதாவின் தாடைக்குக் கீழே வலது கையை ஏந்தினார். மொரிதாவுக்குச் சொல் புரிந்திருக்காது, முகம் புரிந்தது. வாயில் இருந்ததை அந்த உள்ளங்கையில் துப்பினார். ஆனால் முதல் கடி உள்ளே போய்விட்டது.

அதன்பிறகு நடந்ததெல்லாம் மிக வேகமாக நடந்தது. மொரிதாவின் உதடு எங்கள் கண்முன்னே தடித்தது. கழுத்தைப் பிடித்துக்கொண்டு விசிலடிப்பதுபோல மூச்சை இழுத்தார். அவர் மனைவி பையைத் தலைகீழாகக் கவிழ்த்தார். வரைபடம், கைக்குட்டை, மிட்டாய் எல்லாம் உருண்டன, ஊசி மட்டும் வரவில்லை. பையின் பக்கவாட்டு ஜிப்புக்குள் இருந்தது ஊசி. மனைவி அதைக் கையில் எடுத்தார். அக்னெஸ் அக்கா அந்தக் கையைத் தன் இடது கையால் பற்றி, காற்சட்டையோடு சேர்த்து மொரிதாவின் தொடையில் ஊசியை அழுத்திப் பிடித்தார். அரிசி மூட்டையில் அவரைச் சாய்த்து உட்கார வைத்தார்.

"தம்பி, 911!"

அடித்தேன். மறுமுனையில் பிரெஞ்சு வந்ததும் அக்காவின் வாயருகே நீட்டினேன். என் கையிலிருந்த தொலைபேசிக்குள் அவரே பேசினார். வீதி, கதவு எண், வயது, மீன், ஊசி போட்டாயிற்று. பேசி முடித்ததும் நெற்றியில் சிலுவை போட்டுக்கொண்டார், மூடிய வலது முஷ்டியாலேயே.

செபமாலை அண்ணர் பெட்டிக்குப் பின்னால் வெளிறிப்போய் நின்றார். "நான் என்னத்தைக் கண்டன்? தபசுகாலத்து வெள்ளியில கடையில இறைச்சி தொடுறேல்லை. கோயில் சனம் எல்லாத்துக்கும் தெரியும். உனக்கும் தெரியும்தானே அக்னெஸ்?"

"ஓம் அண்ணை. தெரியும்."

போன வெள்ளிக்கிழமையும் சிலுவைப்பாதை முடிந்து இதே கடையில் மீன் றோல்ஸ் வாங்கிப்போனவர்தான் அவர். சனிக்கிழமை வழிகாட்டிக்கு இது ஆட்டிறைச்சி றோல்ஸ் கடை, வெள்ளிக்கிழமை பக்தைக்கு மீன் றோல்ஸ் கடை. இரண்டும் ஒரே தலைக்குள் இருந்தும் ஒன்றையொன்று சந்திக்கவில்லை.

ஆம்புலன்ஸ் கணவனையும் மனைவியையும் ஏற்றிக்கொண்டு போனது. மற்றவர்களை அனுப்பிவிட்டு நானும் அக்னெஸ் அக்காவும் பஸ்ஸில் ஆஸ்பத்திரிக்குப் போனோம். அவர் இடது கையால் கம்பியைப் பிடித்தபடி ஜன்னலைப் பார்த்துக்கொண்டு வந்தார். இறங்கியதும் எனக்கு முன்னே விறுவிறுவென்று நடந்தார். நான் வருகிறேனா என்றுகூடத் திரும்பிப் பார்க்கவில்லை. எனக்குப் பயமாக இருந்தது.

காத்திருக்கும் அறையில் உட்கார்ந்தோம். கதவு திறக்கும் போதெல்லாம் எழுந்தார், வேறு யாருக்கோ செய்தி என்று தெரிந்ததும் உட்கார்ந்தார். ஆஸ்பத்திரி அவருக்குப் புதிதல்ல. மருத்துவர்களின் நடையை வைத்தே செய்தியைச் சொல்லிவிடுவார் என்று நினைத்தேன். அன்றைக்கு அவருக்கு ஒன்றும் தெரியவில்லை, என்னைப் போலவே கதவைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"வெளியாக்களின்ர குசினியெல்லாம் பூந்து பூந்து பாத்தன் தம்பி. எங்கட ஆக்கள் எண்டவுடன கண்ணை மூடிட்டன். அந்த மனிசனுக்கு ஏதும் நடந்தா..."

செபமாலை அண்ணர் அக்காவின் தொலைபேசியில் வந்தார். பக்கத்தில் இருந்த எனக்கும் கேட்டது. "இஞ்ச பார் தங்கச்சி, நீதான் கண்டுபிடிச்சனி, நீதான் காப்பாத்தினனி. அவையள் உன்னைக் கும்பிடத்தான் போகினம். எனக்குத் தெரியாது, கடையில ஏதோ பிசகு எண்டு சொல்லிட்டு விடு. நான் பேந்து சமாளிக்கிறன். நாளைக்கு ஒருத்தனும் உன்னோட நடக்க வரமாட்டான், யோசி." பழியைத் தானே ஏற்கத் தயாரான நல்ல மனிதர். எனக்கும் அதுதான் புத்திசாலித்தனமாகப் பட்டது, பட்டதைச் சொல்லவும் செய்தேன். அக்னெஸ் அக்கா தொலைபேசியை மடியில் கவிழ்த்து வைத்துவிட்டு மறுபடி கதவைப் பார்த்தார்.

ரொம்ப நேரம் கழித்து மொரிதாவின் மனைவி வெளியே வந்தார். அவர் சிரித்ததைப் பார்த்ததும் எனக்கு உயிர் வந்தது. மூச்சு சீராகிவிட்டது, இரவு வரை வைத்துப் பார்த்துவிட்டு அனுப்பிவிடுவார்களாம். அக்னெஸ் அக்கா சுவரில் சாய்ந்து ஒரு கணம் கண்ணை மூடினார். அந்த அம்மாள் அவர் முன்னால் வந்து இடுப்பு வளையக் குனிந்தார். நிமிர்ந்து மறுபடியும் குனிந்தார். கடையில் ஏதோ தவறிவிட்டது, நீங்கள் கவனித்திருக்காவிட்டால் என் கணவர் இல்லை, உங்களுக்கு எப்படி நன்றி சொல்வது என்றார் ஆங்கிலத்தில், திக்கித் திக்கி.

அந்த அம்மாள் அப்படியே நம்பிக்கொண்டு போகட்டுமே என்று நான் மனதுக்குள் வேண்டிக்கொண்டேன்.

அக்னெஸ் அக்கா தன் வலது கையை அந்த அம்மாளின் முன்னே நீட்டினார். கடையில் மூடிய முஷ்டி, பஸ்ஸிலும் திறக்கவில்லை, இங்கேயும் திறக்கவில்லை என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது. விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்தார். மசிந்த கிழங்கும், காய்ந்துபோன மீன் துணுக்கும், நகம் பதிந்த தடங்களும் உள்ளங்கையில் இருந்தன.

மீன், என்றார் ஆங்கிலத்தில். அந்தக் கடையில் ஒவ்வொரு வெள்ளியும் மீன். எனக்கு முன்னமே தெரியும்.

அந்த அம்மாள் கையைப் பார்த்தார், முகத்தைப் பார்த்தார், மறுபடி கையைப் பார்த்தார். அக்னெஸ் அக்கா அதை இழுத்துக்கொள்ளவில்லை, நீட்டியபடியே நின்றார்.