தென்கடல் தண்ணீரில் வெந்த பாஸ்தா

அய்யாவின் படகுச் சட்டி இன்னும் பாம்பனில் எங்கள் வீட்டு அடுப்படியில்தான் இருக்கிறது. அலுமினியச் சட்டி. ஒரு பக்கம் நசுங்கிப்போய், ஒரு கைப்பிடி கழன்று, அந்த இடத்தில் கம்பியை வளைத்து மாட்டியிருக்கும். உள்ளே பாதி உயரத்தில் ஒரு வெள்ளைக் கோடு படிந்திருக்கிறது. சாம்பல், புளி, கம்பி நார் எல்லாம் போட்டுத் தேய்த்துப் பார்த்துவிட்டேன், போகவில்லை. இப்போது தேய்ப்பதை நிறுத்திவிட்டேன். கடலில் ஆண்கள் சோறாக்கித் தின்ற அந்தச் சட்டியில்தான் அய்யா அம்மாவுக்கு பாஸ்தா வேகவைத்தார். பாம்பனில் மீனவரான என் அப்பா கிரீம் ஊற்றி, சீஸ் துருவி, கோழி பாஸ்தா செய்தார் என்று சொன்னால், ராமநாதபுரத்தில் நான் வேலை பார்க்கும் ஜவுளிக்கடையில் எல்லோரும் சிரிப்பார்கள். நானும் கூடச் சேர்ந்து சிரித்துவிட்டு அதோடு பேச்சை மாற்றிவிடுவேன். மிச்சத்தைச் சொல்ல இதுவரை வாய் வரவில்லை.

அம்மா மீன் இல்லாமல் ஒரு வாய் சோறு உண்டு நான் பார்த்ததில்லை. குழம்பில் மீன் இல்லாவிட்டால் கருவாட்டைச் சுட்டாவது பக்கத்தில் வைத்துக்கொள்வாள். அப்படிப்பட்டவளுக்கு வயிற்றில் புற்று வந்தது. மதுரையில் மருந்து ஏற்ற ஆரம்பித்த பிறகு மீன் வாடை பட்டாலே குமட்டியது. வீட்டில் மீன் வாங்குவதை நிறுத்தினோம். கருவாட்டுப் பானையைப் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்தோம். ஆனால் அய்யாவை எங்கே கொடுப்பது? கடலுக்குப் போய்வந்து சோப்புப் போட்டு எத்தனை தடவை குளித்தாலும் அவர் மேல் அந்தக் கவிச்சி இருக்கும். கட்டில் பக்கம் வந்தால் அம்மா மூச்சைப் பிடித்துக்கொண்டு சிரிப்பாள். அய்யா இரண்டொரு நாள் அதைக் கவனித்தார். பிறகு யாரிடமும் சொல்லாமல் கடலுக்குப் போவதையே விட்டுவிட்டார். கேட்டவர்களிடம் முட்டுவலி என்றார்.

பாஸ்தா எங்களுக்கு அறிமுகமானது மருத்துவமனையில்தான். பக்கத்துக் கட்டிலில் இருந்த மதுரைப் பெண்ணுக்கு அவள் தம்பி ஹோட்டலில் இருந்து ஒரு டப்பாவில் வாங்கி வந்தான். வெள்ளையாக, வழவழவென்று, நடுநடுவே கோழித் துண்டுகள். அந்தப் பெண் நாகரிகத்துக்காக அம்மாவிடம் நீட்டினாள். அம்மாவும் நாகரிகத்துக்காக ஒரு கரண்டி வாங்கினாள். வாங்கியதைத் தின்றாள். அன்றைக்கு அது வயிற்றில் நின்றது. கஞ்சியும் இட்லியும் நிற்காத வயிற்றில் பெயர் தெரியாத ஒரு பண்டம் நின்றுவிட்டது. அய்யா கண் கொட்டாமல் பார்த்துக்கொண்டே இருந்துவிட்டு, "இதுக்குப் பேரு என்னத்தா?" என்று அந்தப் பெண்ணிடம் கேட்டார். ஊர் வந்து சேரும்வரை பஸ்ஸில் அந்தப் பெயரைத் தனக்குள் சொல்லிப் பார்த்துக்கொண்டே வந்தார்.

மறுநாளே என்னைக் கைப்பேசியோடு உட்காரவைத்தார். நான் சமைக்கிறேன் என்று சொன்னதற்கு, "நீ வேலைக்குப் போ தாயி, நான் என்ன வெட்டி முறிக்கேன் இங்கன" என்றார். நாங்கள் பார்த்த வீடியோவில் ஒரு இளைஞர் கோழியை வெண்ணெயில் வதக்கி, பூண்டு தட்டிப் போட்டு, கிரீம் ஊற்றிக் காட்டினார். பாஸ்தாவை வேகவைக்கும்போது, தண்ணீர் கடல் மாதிரி உப்பாக இருக்க வேண்டும் என்றார். இத்தாலிக்காரர்கள் அப்படித்தான் செய்வார்களாம். அய்யா அந்த இடத்தில் வீடியோவை நிறுத்தச் சொன்னார்.

"எந்தக் கடலுன்னு சொல்லலையே தாயி?"

நான் சிரித்துவிட்டேன். எங்கள் ஊருக்கு வடக்கே ஒரு கடல், தெற்கே ஒரு கடல். கட்டிலில் கண்ணை மூடிக் கிடந்த அம்மா அங்கிருந்தே தீர்ப்புச் சொன்னாள். "தென்கடலுத் தண்ணியவே எடுத்துட்டு வாங்க. வடகடலு கலங்கிக் கெடக்கும்."

வெளியூர்க்காரர் யாராக இருந்தாலும் ஒரு கை உப்பை அள்ளிப் போட்டிருப்பார். அய்யாவுக்கு அது தோன்றவில்லை. படகில் நல்ல தண்ணீர் அரிது. அதனால் சோறு பொங்கும்போது நல்ல தண்ணீரோடு கொஞ்சம் கடல் தண்ணீரைக் கலந்துவிடுவார்கள். தனியாக உப்புப் போடும் வேலை கிடையாது. ஆயுசு முழுக்க அப்படிச் சமைத்த கைக்கு, கடல் மாதிரி உப்பு என்றால் கடல்தான். கலக்காமல் அப்படியே ஊற்றலாமா என்று எனக்கு மட்டும் ஒரு சந்தேகம் வந்தது. "சோத்துல தண்ணி உள்ளயே வத்திப்போவும், அதுக்குத்தான் கலக்குறது. இத வடிக்கத்தான செய்யிறாக? உப்பு தண்ணியோட போயிரும்" என்றார். சரியாகத்தான் தோன்றியது. தன் சேக்காளி ஒருவரின் சின்ன வள்ளத்தில் கரையை விட்டு நன்றாக உள்ளே போய், ஒரு கேனில் தென்கடல் தண்ணீரை மொண்டு வந்து, வேட்டித் துணியில் வடிகட்டி மூடி வைத்தார்.

அந்த வாரம் தவக்காலம் தொடங்கிவிட்டது. சாம்பல் புதனிலிருந்து பாஸ்கா, அதாவது ஈஸ்டர், வரைக்கும் எங்கள் வீட்டில் கோழி, ஆட்டுக்கறி எதுவும் ஆகாது. சுத்தபோசனம் என்போம். அம்மா முதலில் கோழியைத் தொடவே மாட்டேன் என்றாள். பங்குச் சாமியார் வீட்டுக்கே வந்து பேசினார். "உங்களுக்கு வந்திருக்க நோவே பெரிய ஒறுத்தலும்மா, சாப்பிடுங்க" என்று அவர் சொன்ன பிறகுதான் சம்மதித்தாள். அவள் விட்ட விரதத்தையும் சேர்த்து அய்யா எடுத்துக்கொண்டார். அவள் பிழைத்து எழ வேண்டும், அதற்காகப் பாஸ்கா முடியும்வரை உப்புப் பார்க்கக் கூடக் கறி தன் நாக்கில் படாது என்று மாதாவுக்கு நேர்ந்துகொண்டார். நானும் சுத்தபோசனம். ஆகவே எங்கள் வீட்டில் அந்தச் சட்டியில் வேகும் பண்டத்தைத் தின்றது அம்மா ஒருத்திதான். மற்ற இருவரும் பக்கத்தில் இருந்து முகத்தைப் பார்த்துக்கொண்டிருந்தோம்.

அவர் சமைப்பதைப் பார்ப்பதே ஒரு காட்சி. கோழியை வலைக்கண் அளவுக்கு ஒரே சீராக நறுக்குவார். உப்பும் மிளகும் தடவுவார். மிளகாய்ப்பொடி டப்பாவை எட்டாத உயரத்தில் வைத்துவிட்டார், கை பழக்கத்தில் போட்டுவிடுமாம். நான் ராமநாதபுரத்திலிருந்து வாங்கிவரும் கிரீம் பெட்டியைப் பல்லால் கடித்துத் திறந்து, சொட்டு விடாமல் வழித்து ஊற்றுவார். பாஸ்தா வெந்த தண்ணீரில் ஒரு கரண்டியைக் கிரீமில் விட்டுக் கிண்டச் சொல்லியிருந்தார் வீடியோ இளைஞர். அதையும் தவறாமல் விடுவார். மேலே சீஸ் துருவல். அடுப்பில் இருந்து இறக்கியவுடன் குனிந்து வாசம் பிடிப்பார். அதற்கு மேல் அவருக்கு அனுமதி இல்லை.

அம்மா முதல் வாயை மெதுவாக மென்றாள். அய்யா கரண்டியைப் பிடித்தபடியே நின்றார்.

"எப்புடிப் புள்ள இருக்கு?"

"நல்லாருக்குங்க" என்றாள் அம்மா. கிண்ணத்தில் இருந்ததை மிச்சமில்லாமல் தின்றுவிட்டு, "ஒரு செம்பு தண்ணி தாங்க" என்றாள். அய்யா ஓடிப்போய்க் கொண்டுவந்தார். முழுச் செம்பையும் குடித்தாள். எங்களுக்குச் சந்தோஷம் தாங்கவில்லை. நிறையத் தண்ணீர் குடிக்க வேண்டும் என்று டாக்டர் சொல்லிச் சொல்லி அலுத்துப்போயிருந்தார். ஒரு மடக்கு இறங்காத தொண்டையில் ஒரு செம்பு இறங்கியது. தொண்டை திறந்துவிட்டது என்று அய்யா தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு வந்தார். அதன் பிறகு செய்யும் போதெல்லாம் கிண்ணத்தைக் கொடுக்கும் முன்பே செம்பு நிறையத் தண்ணீரைக் கட்டில் அருகே வைத்துவிடுவார். அந்தத் தவக்காலம் முழுவதும் அம்மா பாஸ்தா தின்று தண்ணீர் குடித்தாள். கோவிலில் அய்யா முன்வரிசையில் முழங்காலில் நின்றார். முட்டுவலி என்று சொன்னதெல்லாம் மறந்துபோய்விட்டது.

பாஸ்கா இரவுத் திருப்பலி முடிந்த மறுநாள் மதியம் மூன்று பேருக்கும் சேர்த்துச் செய்தார். விரதம் முடிந்தது, இனி எல்லோரும் தின்னலாம். கட்டிலை ஒட்டித் தரையில் பாய் விரித்து உட்கார்ந்தோம். அய்யா செபம் சொல்லி, முதல் வாயை எடுத்து வைத்தார்.

மெல்லுவது நின்றது. நான் அதற்குள் என் வாயில் வைத்துவிட்டேன். உப்பு கரித்தது. நாக்கு சுருண்டு, கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. கடலில் குளிக்கும்போது வாய்க்குள் போகும் தண்ணீரை மென்று தின்றது போல் இருந்தது. நான் முந்தானையில் துப்பிவிட்டேன். அய்யா துப்பவில்லை. விழுங்கிவிட்டு அம்மாவைப் பார்த்தார். அம்மா தன் கிண்ணத்தில் இருந்து சாதாரணமாகத் தின்றுகொண்டிருந்தாள்.

"ஏ புள்ள... இதையா தின்ன? இத்தன நாளும் இதையா தின்ன?"

அம்மா கரண்டியை வைத்தாள். "எனக்கு வேற ஒண்ணுமே ருசி தெரியலங்க. எதத் தின்னாலும் மண்ணாட்டம் இருந்துச்சு. இதுல அந்த உப்பு மட்டும் தெரிஞ்சிச்சு. அதுக்காகத்தான் தின்னேன்."

அய்யா அதை நம்பவில்லை. நானும் நம்பவில்லை. அவர் மனம் நோகக்கூடாது என்று சொல்கிறாள் என்றுதான் இருவரும் நினைத்தோம். அம்மா அப்படிப்பட்டவள்தான். அய்யா எழுந்து கொல்லைப்பக்கம் போய், கேனில் மிச்சம் இருந்த கடல் தண்ணீரை வேப்பமரத்தடியில் கவிழ்த்துவிட்டு, அந்தக் காலிக் கேனைப் பிடித்தபடி உட்கார்ந்து அழுதார். அவர் அழுது அதற்கு முன் நான் பார்த்ததில்லை.

அன்றிலிருந்து அம்மாவின் பாஸ்தாவில் உப்பு கிடையாது. நல்ல தண்ணீர், உப்பில்லாத கோழி, வெறும் கிரீம். அம்மா இரண்டு வாய் தின்பாள், கிண்ணத்தைத் தள்ளிவைப்பாள். "பழைய மாதிரியே செஞ்சு தாங்களேன்" என்று ஒருநாள் கேட்டாள். இன்னொரு நாளும் கேட்டாள். அய்யா தலையை ஆட்டிவிட்டு அடுப்படிக்குள் போய் மறுபடியும் உப்பில்லாமலே செய்துகொண்டு வந்தார். தன் கையால் அவளுக்கு இன்னொரு தடவை அதைக் கொடுக்க அவரால் முடியவில்லை. செம்புத் தண்ணீர் தொடாமல் அப்படியே இருக்கும். மீன்பிடித் தடைக்காலம் முடிந்து படகுகள் இறங்குவதற்கு முன்பே அம்மா போய்விட்டாள்.

மருத்துவமனைப் பாக்கியைக் கட்ட மதுரை போனபோது அங்கிருந்த நர்ஸ் ஒருவர் பேச்சுவாக்கில் சொன்னார். அந்த மருந்து ஏறினால் சிலருக்கு நாக்கு செத்துப்போகுமாம். ஏதோ ஒரு ருசி மட்டும் மிஞ்சும். சிலருக்கு இனிப்பு, சிலருக்கு உப்பு. நான் பஸ்ஸில் பாம்பன் பாலம் வரும்வரை அதையே நினைத்துக்கொண்டு வந்தேன். அய்யாவிடம் சொல்ல வேண்டாம் என்று முடிவு செய்துதான் வீட்டுக்குள் நுழைந்தேன். ஆனால் நான் முகத்தில் எதையும் மறைக்கத் தெரியாதவள். என்னவென்று கேட்டார், சொல்லிவிட்டேன். "அப்ப அவ மெய்யாத்தான் கேட்டிருக்கா" என்றார்.

அம்மா போய்ச் சில வருடங்கள் ஆகிவிட்டன. எனக்குத் திருமணமாகி ராமநாதபுரத்தில் இருக்கிறேன். அய்யா தனியாகப் பாம்பனில் இருக்கிறார். பாஸ்கா மதியத்துக்கு மட்டும் நான் கட்டாயம் போய்விடுவேன். இந்த வருடமும் போனேன். வாசலில் காலை வைக்கும்போதே வெண்ணெயில் பூண்டு வதங்கும் வாசம் வந்தது. அடுப்பில் அந்தப் படகுச் சட்டி கொதித்துக்கொண்டிருந்தது. கீழே கடல் தண்ணீர்க் கேன் மூடி திறந்து கிடந்தது. அம்மா படத்துக்கு முன்னால் ஒரு கிண்ணம் வைத்து, மெழுகுவர்த்தி ஏற்றி, செபம் சொன்னோம். பிறகு அய்யா அந்தக் கிண்ணத்தை எடுத்து மடியில் வைத்துக்கொண்டு தின்ன ஆரம்பித்தார். எனக்கென்று தனியாக இட்லி வாங்கி வைத்திருந்தார். வருடா வருடம் அதைத்தான் தின்பேன்.

இந்த முறை என்ன தோன்றியதோ, அவர் கையில் இருந்த கரண்டியை வாங்கி, அம்மாவின் கிண்ணத்தில் இருந்து ஒரு வாய் எடுத்து வைத்தேன். உப்பு கரித்தது. கண்ணில் தண்ணீர் முட்டியது. முந்தானை கைக்கு எட்டும் தூரத்தில்தான் இருந்தது. துப்பவில்லை. மென்று விழுங்கினேன்.

அய்யா என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். "எப்புடித் தாயி இருக்கு?"

"நல்லாருக்குய்யா" என்றேன்.

அவர் எழுந்து அடுப்படிக்குப் போனார். சட்டியை நகர்த்தும் சத்தம் கேட்டது. ஒரு செம்பு நிறையத் தண்ணீர் கொண்டுவந்து என் பக்கத்தில் வைத்தார்.