மோளக்காரர் வம்சம்

எனக்கு எழுபத்தெட்டு வயது. ஆறு பிள்ளைகளை வளர்த்தேன். யாரிடமும் கை நீட்டியதில்லை; இந்த லயத்து வரிசையில் யார் வீட்டிலும் ஒரு வாய் தேத்தண்ணி குடித்ததுமில்லை. கல்யாணம் கட்டிய கையோடு நானும் வீட்டுக்காரரும் இந்த ரப்பர் தோட்டத்துக்கு வந்தபோது, கங்காணி வீட்டுப் பெண் என்று சொல்லிக்கொண்டேன். அந்தப் பேரே நிலைத்துவிட்டது.

எம்பிலிப்பிட்டியில் ஓட்டல் வேலை செய்கிற என் மகள்வயிற்றுப் பேத்தி, போன ஞாயிற்றுக்கிழமை, தான் கட்டிக்கொள்ளப்போகிற ரஷ்யாக்காரப் பையனைக் கூட்டி வந்தாள். லயமே எங்கள் வாசலில் கூடிவிட்டது. பையன் நிலைப்படியில் குனிந்து வந்து, பாயில் உட்கார்ந்து, ரொட்டியைச் சம்பலில் தொட்டுத் தின்றான். எனக்குப் பெருமை தாங்கவில்லை.

பக்கத்துக் காம்பரா வீட்டுக்காரிதான் பேச்சை இழுத்தாள். "மாப்பிள பேரு என்னா புள்ள?"

பேத்தி நீளமாக ஒன்று சொன்னாள். என் வாயில் அது நுழையாது. "அது வம்சப் பேரு அம்மாயி. அவங்க பரம்பரைக்கே ஒரே பேரு. பாட்டனுக்குப் பாட்டன் ராஜா படையில மோளம் அடிச்சவராம், அதனால மோளக்காரர் வம்சம். அந்தப் பேருல டாக்டரு, வாத்தியாருல்லாம் இருக்காங்களாம். கட்டுனா எனக்கும் அதான்."

எனக்கு உச்சி கொதித்தது. "மோளக்காரனா? எங்கப்பா விடியக்காலம் வேலைக்குப் பேர் போடுற பெரட்டுக்கு ஆள் எழுப்பத் தப்படிச்சாரு, எழவுக்கும் அடிச்சாரு. அந்தப் பேச்சு எம்புள்ளைங்க மேல ஒட்டக் கூடாதுன்னுதான் தோட்டம் மாறி வந்தேன். நீ அத கடல் தாண்டி வாங்கியாந்து கழுத்துல மாட்டிக்கிறியா? இந்தக் கல்யாணம் வேணாம்!"

சொன்ன பிறகுதான் என் காதிலேயே விழுந்தது.

"ஆத்தாடி!" என்றாள் பக்கத்துக்காரி. "அப்ப எதுக்கக்கா எங்கூட்டுத் தேத்தண்ணிய இத்தன வருசமா வேணாம்னீங்க?" வாசலே சிரித்தது. அவள் சிரிக்கவில்லை.

பையன் என்னவென்று கேட்டான். பேத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டு, எங்கப்பாவும் மோளம் அடித்தவர் என்பதை மட்டும் சொன்னாள் போலிருக்கிறது. அவன் முகம் மலர்ந்துவிட்டது. கொஞ்சம் சிங்களம் பழகியிருக்கிறான். என் கையைப் பிடித்து, "எக்கம ரஸ்ஸாவ, ஆச்சி!" என்றான். ஒரே தொழிலாம். எங்கப்பாவின் தொழிலை ஒருத்தர் சந்தோஷமாகச் சொல்லி அன்றைக்குத்தான் கேட்டேன். கையை உருவிக்கொண்டு உள்ளே போய்விட்டேன். அவன் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

அதிலிருந்து பேத்தி என்னோடு பேசுவதில்லை. எனக்கும் வாயால் சொல்ல நாக்கு எழவில்லை. தெரிந்த எழுத்தைக் கூட்டிக் கூட்டி இதை எழுதினேன்.

இந்தா புள்ள. கல்யாணத்துக்கு நாள் பாரு. அதுக்கு முந்தி இத எனக்கு வாசிச்சுக் காட்டு. எங்கப்பா தப்படிச்ச எடத்த மட்டும் சத்தமா வாசி. பக்கத்துக் காம்பராவுக்குக் கேக்கணும்.