சோற்றுக் கடைக்கு ஒரு வெப்சைட்

சூடான போட்டோகொப்பி தாளின் வாசனை... அதோடு, பஸ்ஸில் வந்து இறங்குகிறவர்களின் உடுப்பில் ஒட்டியிருக்கும் ரப்பர் பாலின் புளித்த வாடை. கஹவத்தை டவுனில் நான் முதன்முதலாக வேலை பார்த்த, போட்டோகொப்பியும் இன்டர்நெட்டும் இருக்கிற கொமினிகேஷன் கடையை நினைத்தால் இந்த இரண்டும்தான் முதலில் வரும்.

கம்ப்யூட்டர் கோர்ஸ் முடித்த கையோடு கிடைத்த வேலை. வீடு இருந்த ரப்பர் தோட்டத்தில் இருந்து தினமும் பஸ் ஏறி வருவேன். எங்கள் முதலாளிக்குத் திடீரென ஒரு ஆசை... டவுனில் இருக்கிற சின்னக் கடைகளுக்கெல்லாம் வெப்சைட் செய்து கொடுக்க வேண்டுமாம். செய்கிற ஆள் நான்தான்.

கடைக்காரர்கள் தாங்களே மாற்றிக்கொள்கிற மாதிரி சுலபமாகத்தான் செய்தேன். உள்ளே போனால் ஒரு பெட்டி. அதில் எழுதிவிட்டு, 'சேமி' என்ற பெரிய பட்டனை அமுக்க வேண்டும். அதையும் யாரும் தொடவில்லை. சாரிக் கடை மஹத்தயா, "ஒயாம தான்ன நங்கி", நீயே போட்டுவிடு தங்கச்சி என்று சிங்களத்தில் சொல்லி, அந்த வேலையையும் என் தலையிலேயே கட்டிவிட்டுப் போவார்.

தானாகத் தேடி வந்தவர் செல்வம் அண்ணன் ஒருவர்தான். பஸ் ஸ்டாண்டுக்குப் பக்கத்தில் சின்னதாக ஒரு சோற்றுக் கடை வைத்திருந்தார். அவர் கேட்டது ஒன்றே ஒன்று... அன்றைக்கு என்ன கறி என்று தினமும் அவரே எழுத வேண்டும்.

கண்ணாடி அலுமாரியைப் பார்த்தாலே கறி தெரிகிறது, இதற்குப் போய் வெப்சைட்டா என்று முதலாளி சிரித்தார். அண்ணன் என்னிடம் உட்கார்ந்து தமிழ் டைப்பிங் பழகினார், ஒற்றை விரலால்.

பிறகு தினமும் பகல் கூட்டம் வருவதற்கு முன்னால் வந்துவிடுவார்.

இன்று: சோறு, பருப்பு, ஈரப்பலாக்காய், நெத்தலி.

இன்று: சோறு, பருப்பு, பூசணிக்காய், முட்டை.

சில நாள், நேற்று சின்ன மகள் பூசணிக்காயை ஒதுக்கிவிட்டாள் என்றும் சேர்த்துப் போடுவார். இதெல்லாம் கஸ்டமருக்கு எதற்கு அண்ணே என்று கேலி செய்வேன். சிரித்து மழுப்பிவிடுவார்.

அப்புறம் ஒரு மழைக்காலம். டவுன் முழுக்க இன்டர்நெட் லைன் போய்விட்டது. இரண்டாம் நாள், பகல் கூட்டம் போன பிறகும் அண்ணன் மறுபடி நனைந்துகொண்டே வந்தார். லைன் வந்ததும் போட்டுக்கொள்ளலாம் என்றேன். ஆனால் அவர் போகவில்லை, வாசலிலேயே நின்றார். என்ன அண்ணே என்று கேட்டேன்.

அப்போதுதான் விஷயத்தைச் சொன்னார். அவர் மனைவி ராணி அக்கா வெளிநாட்டில் ஒரு வீட்டில் வேலைக்குப் போயிருந்தார். வெள்ளிக்கிழமை மட்டும்தான் போன் பேச விடுவார்கள். மற்ற நாளில், மேடம் பகலில் தூங்கும்போது, அந்த வீட்டுப் பிள்ளை தன் கம்ப்யூட்டரில் அண்ணனின் பக்கத்தைத் திறந்து காட்டுமாம். இங்கே பிள்ளைகள் இரண்டும் ஸ்கூல் விட்டு வந்து கடையில்தான் சாப்பிடும். ஆக, அக்கா தினமும் பார்த்தது தன் பிள்ளைகளின் சாப்பாட்டை.

"இன்னிக்கும் ஒன்னும் இல்லைன்னா, புள்ளைங்களுக்கு என்னமோ ஆயிருச்சுன்னு அவ அங்க துடிச்சுப் போயிருவா தங்கச்சி."

கடையில் சிம் போட்ட இன்டர்நெட் டொங்கிள் ஒன்று இருந்தது, ஆனால் டவுனில் சிக்னல் எடுக்காது. லேப்டொப்பை ஷொப்பிங் பேக்கில் சுற்றிக்கொண்டு, த்ரீவீலில் தோட்டத்து மேல் ரோட்டுக்கு ஏறினோம். கோயில் வளைவில் சிக்னல் கொஞ்சம் வந்தது. சாரல் படாமல் நான் குடையை விரித்து மறைத்துக்கொண்டேன். அவர் ஒவ்வொரு எழுத்தாகத் தேடிக்கொண்டிருந்தார். அதற்குள் சிக்னல் போய்விடுமே என்று எனக்குப் பயம். நான் அடித்துத் தரட்டுமா என்று கேட்டேன்.

"வேணாம் தங்கச்சி. நீங்க அடிச்சா, நான் இல்லைன்னு அவளுக்குத் தெரிஞ்சிரும்."

அவரே அடித்தார். இன்று: சோறு, பருப்பு, கீரை, கருவாடு. நல்ல மழை. ரெண்டு பேரும் சாப்பிட்டாங்க.

பக்கம் மாறியதைப் பார்த்த பிறகுதான் சீட்டில் சாய்ந்து கண்ணை மூடினார்.

கான்ட்ராக்ட் முடிந்து அக்கா வந்ததும், அண்ணன் அவரை எங்கள் கடைக்குக் கூட்டி வந்தார். அண்ணன் தினமும் எழுதிய கம்ப்யூட்டரை அக்கா தொட்டுப் பார்த்தார்.

"அங்க சாப்பிட்டியான்னு ஒருத்தரும் கேக்க மாட்டாங்க தங்கச்சி. இத பாத்துட்டுத்தான் நானும் உக்காந்து சாப்பிடுவேன்."

அதோடு அண்ணன் எழுதுவதை நிறுத்திவிட்டார். பக்கம் பழசாகக் கிடக்கிறதே என்று கேட்டால், கறி வைப்பதே இப்போது அவள்தானே, அவளுக்குத் தெரியாததா என்று சிரிப்பார்.

இப்போது நான் கொழும்பில். அதே வேலைதான், கம்பெனி மட்டும் பெரிசு. இன்றைக்கு வெப்சைட்டை மாற்றுவது எவ்வளவு லேசு... கம்ப்யூட்டரிடம் சொன்னாலே படமும் எழுத்தும் தானாகவே வந்து விழுகின்றன. கஸ்டமர்களும், நீங்களே ஏதாவது நல்லதாகப் போட்டுவிடுங்கள் என்கிறார்கள். நானும் போட்டுவிடுகிறேன்.

பகலில் மேசையிலேயே தனியாகச் சோற்றுப் பார்சலைப் பிரிக்கும்போதுதான் மனசு எங்கெங்கோ போகிறது. அண்ணனின் பக்கம் நெட்டில் இருந்து எப்போதோ அழிந்துவிட்டது. தெரிந்தும் சில நாள் அந்த முகவரியை அடித்துப் பார்ப்பேன். நான் சாப்பிட்டேனா என்று யாரும் கேட்கக்கூட வேண்டாம்... வீட்டில் இன்றைக்கு என்ன கறி என்று எனக்கு யாராவது எழுதினால் போதும்.